ஹுங் ஷியூ-ஜூ: 26 ஆண்டு நாடாளுமன்றம், 15 மாதத் தலைமை – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தைவான் அரசியலைப் பற்றி நான் பேசும் இடங்களில், அந்நாட்டை நீண்ட காலம் ஒற்றைக் கட்சியாக ஆண்ட கோமின்டாங்கின் முன்னாள் தலைவர் ஹுங் ஷியூ-ஜூவின் பெயர் வந்தாலே அதே சந்தேகங்கள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. சிலர் அவரைச் சீனாவின் ஆள் என்று ஒரே வரியில் ஒதுக்குகிறார்கள். சிலருக்கு அவர் துரோகத்துக்குப் பலியான வீராங்கனை. இரண்டிலும் பாதிக் கதை விடுபட்டுப் போகிறது என்பது என் எண்ணம். அதனால் கேள்விகளைக் கேட்டவர்களின் வார்த்தையிலேயே வைத்து இங்கே பதில் எழுதுகிறேன்.

யார் இவர்? சுருக்கமா சொல்லுங்க.

1948 ஏப்ரல் 7-ல், அன்றைய தைபே மாவட்டத்தில் பிறந்தவர். சட்டம் படித்தார். வழக்கறிஞர் தேர்வில் தேறவில்லை, பள்ளி ஆசிரியரானார். 1990 பிப்ரவரியில் நாடாளுமன்றத்துக்குள் போனவர் 2016 ஜனவரி இறுதி வரை தொடர்ந்து எட்டு முறை உறுப்பினராக இருந்தார். 2012 முதல் 2016 வரை துணை சபாநாயகர். அந்த நாற்காலியில் உட்கார்ந்த முதல் பெண் அவர்தான்.

2015-ல் கோமின்டாங் அவரை அதிபர் வேட்பாளராக அறிவித்தது, மூன்றே மாதத்தில் நீக்கியது. 2016 மார்ச்சில் அதே கட்சிக்கு அவரே தலைவரானார். 2017 மே மாதம் தலைவர் தேர்தலில் தோற்றார்.

ஹுங் என்பது பெயரா, குடும்பப் பெயரா? அப்புறம் வாங் ஜின்-பிங் என்று ஒருவர் வருகிறாரே, அவர்தான் சீன அதிபரா?

குடும்பப் பெயர்தான் முதலில் வரும். ஹுங் குடும்பப் பெயர், ஷியூ-ஜூ அவருக்கு வைத்த பெயர். தைவானின் முன்னாள் அதிபர்கள் சாய் இங்-வென்னில் சாய், மா இங்-ஜியூவில் மா, எல்லாம் அப்படித்தான். எரிக் சூ மாதிரி மேற்கத்திய முன்பெயர் வைத்துக்கொண்டவர்களுக்கு மட்டும் வரிசை மாறும்.

வாங் ஜின்-பிங் வேறு ஆள். 1999 முதல் 2016 வரை தைவான் நாடாளுமன்றத்தின் சபாநாயகராக இருந்த கோமின்டாங் மூத்த அரசியல்வாதி அவர். சீன அதிபர் ஷி ஜின்பிங். தமிழில் எழுதும்போது பின்பாதி ஒன்றுபோல ஒலிப்பதால் வரும் குழப்பம் இது. இந்தப் பக்கத்தில் இருவருமே வருவதால் முன்பாதியைக் கவனித்துப் படியுங்கள்.

தைவான்ல சட்டமன்றம்னு சொல்றாங்களே, அது மாநிலச் சட்டமன்றம் மாதிரியா?

இல்லை. 'சட்டமன்றம்' என்ற சொல் நம்மைக் குழப்பிவிடுகிறது. அங்கே அது நாட்டுக்கே சட்டம் இயற்றும் மன்றம், அதனால் நான் நாடாளுமன்றம் என்றே எழுதுகிறேன். 2008 முதல் 113 இடங்கள்: 73 தொகுதிகள், கட்சிப் பட்டியல் வழியாக 34, பழங்குடியினருக்கு 6. அதற்கு முன் 225 இடங்கள் இருந்தன. பாதியாக வெட்டியபோது பல பழைய முகங்கள் காணாமல் போயின. அதன் பிறகு ஹுங் கட்சிப் பட்டியல் வழியாக உள்ளே இருந்தார். இதை நினைவில் வையுங்கள், பின்னால் தேவைப்படும்.

'சின்ன மிளகாய்'னு ஏன் கூப்பிடறாங்க?

ஆள் குள்ளம், பேச்சு காரம். கடுகு சிறுத்தாலும் காரம் குறையாது என்று நாம் சொல்வதை அவர்கள் மிளகாயை வைத்துச் சொல்கிறார்கள். மன்றத்தில் அமைச்சர்களையும் எதிர்க்கட்சியினரையும் நேருக்கு நேர் நின்று கேட்பது அவர் வழக்கம். சுற்றி வளைத்துப் பேச மாட்டார். பள்ளியில் மாணவர் ஒழுக்கத்தைக் கவனிக்கும் பொறுப்பில் இருந்தவர் அவர், அந்தக் குரல் மன்றத்திலும் போகவில்லை. அவரை வளர்த்ததும் அந்த நேர்ப்பேச்சுதான், 2015-ல் கவிழ்த்ததும் அதுதான்.

அவர் அப்பா ஜெயிலில் இருந்தவராமே? அதுவும் அவர் கட்சி ஆட்சியிலேயே?

உண்மைதான். அவருடைய அப்பா சீனாவின் செஜியாங் மாகாணத்திலிருந்து தைவானுக்கு வந்தவர். கோமின்டாங் ஆட்சி அரசியல் சந்தேகத்தின் பேரில் ஆயிரக்கணக்கானோரைச் சிறையில் தள்ளிய காலம் 'வெள்ளைப் பயங்கரம்' எனப்படுகிறது. அந்தக் காலத்தில் அவரையும் பிடித்து, மூன்று ஆண்டுகளுக்கு மேல் பசுமைத் தீவில் அடைத்து வைத்தார்கள். தைவானின் தென்கிழக்குக் கரைக்கு அப்பால் உள்ள அந்தத் தீவு அரசியல் கைதிகளுக்காகவே பெயர்பெற்றது. விடுதலையான பிறகும் நிலையான வேலை கிடைக்கவில்லை. அம்மா தொழிற்சாலை வேலைக்குப் போய்க் குடும்பத்தைக் காப்பாற்றினார்.

அப்படிப்பட்ட வீட்டுப் பெண் எப்படி அந்தக் கட்சியிலேயே சேர்ந்தார்? இதைக் கேட்காதவர்கள் குறைவு. 1945-க்குப் பிறகு சீனாவிலிருந்து வந்த குடும்பங்களைத் தைவானில் 'வெளிமாகாணத்தார்' என்பார்கள். அவர்களில் பலருக்குக் கோமின்டாங் வெறும் கட்சியாக இருக்கவில்லை. மொழி, பள்ளி, வேலை, அக்கம்பக்கம், 'நாம் சீனர்கள்' என்ற உணர்வு எல்லாம் அதோடு பின்னிக் கிடந்தன. கட்சி வீட்டைக் காயப்படுத்தியது, அதே கட்சிதான் வீட்டின் உலகமாகவும் இருந்தது. வெளியே நின்று பார்க்கும் நமக்கு இது முரண். உள்ளே வளர்ந்தவருக்கு அதுதான் வாழ்க்கை. இந்த முடிச்சைப் பிடித்துக்கொள்ளாமல் அவருடைய அரசியலைப் படித்தால் தப்பாகத்தான் படிப்போம்.

1990-ல் உள்ளே போனார் என்றால், அப்போ அங்கே ஜனநாயகமே இல்லையே? என்ன தேர்தல் அது?

பாதி ஜனநாயகம். 1949-ல் தொடங்கிய இராணுவச் சட்டம் 1987 ஜூலையில்தான் விலக்கப்பட்டது. 1989 டிசம்பரில் நடந்த தேர்தலில்தான் எதிர்க்கட்சிகள் முதன்முறையாகச் சட்டப்படி போட்டியிட்டன. அந்தத் தேர்தலில் ஜெயித்துத்தான் ஹுங் வந்தார்.

ஆனால் அவர் உள்ளே போனபோது மன்றத்தில் யார் யார் இருந்தார்கள் தெரியுமா? 1940-களின் கடைசியில் சீனப் பெருநிலத்தில் தேர்ந்தெடுக்கப்பட்டு, கோமின்டாங்கோடு தைவானுக்கு வந்த உறுப்பினர்கள் அப்போதும் உட்கார்ந்திருந்தார்கள். 'பெருநிலத்தை மீட்கும் வரை தேர்தல் இல்லை' என்ற சாக்கில் நாற்பது ஆண்டுகளாக அதே நாற்காலி. முதுமையில் தள்ளாடியவர்களும் அவர்களில் உண்டு. 1990 மார்ச்சில் மாணவர்கள் தைபே நகரின் நடுவில் உட்கார்ந்து போராடினார்கள், அதைக் 'காட்டு அல்லி இயக்கம்' என்பார்கள். அதே ஜூனில் அரசியல் சாசன நீதிபதிகள் குழு அந்த முதிய உறுப்பினர்கள் 1991 டிசம்பர் 31-க்குள் விலக வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னது. மொத்த மன்றத்தையும் தைவான் மக்களே தேர்ந்தெடுத்தது 1992 டிசம்பரில்தான்.

அதாவது, சாகும்வரை உறுப்பினராக இருந்தவர்களின் பக்கத்தில் உட்கார்ந்து தொடங்கி, மக்கள் ஓட்டால் ஆட்சி மூன்று முறை கைமாறியதைப் பார்த்துவிட்டுப் போனவர் ஹுங். 2000, 2008, 2016 என்று அந்த மூன்று மாற்றங்களும் அவர் கண் முன்னால் நடந்தன. தைவானின் ஜனநாயகம் வளர்ந்த காலமும் அவர் மன்றத்தில் இருந்த காலமும் கிட்டத்தட்ட ஒன்றே.

26 வருஷத்தில் என்ன சாதித்தார்? ஒரு பெரிய சட்டம் சொல்லுங்க.

அவர் பெயரோடு ஒட்டிக்கொண்ட ஒற்றைப் பெரிய சட்டம் என்று நான் எதையும் காட்ட மாட்டேன். அவர் நீண்ட காலம் உழைத்தது கல்வி, பண்பாட்டுக் குழுவில். ஆசிரியராக இருந்தவருக்கு அது பழகிய களம். குழுவில் உட்கார்ந்து வரவுசெலவுத் திட்டத்தை வரி வரியாகப் பார்ப்பது, அமைச்சரைக் கேள்வி கேட்பது, கட்சிக் குழுவைக் கட்டிக் காப்பது. இதெல்லாம் செய்தியாக வராத வேலை. நாடாளுமன்றம் ஓடுவது அதனால்தான்.

துணை சபாநாயகர் பதவியும் அப்படித்தான். மேலே வாங் ஜின்-பிங் இருந்தார். எல்லாக் கட்சிகளையும் உட்கார வைத்துப் பேசி முடிப்பதில் கெட்டிக்காரர். 2014-ல் சீனாவோடு செய்த சேவை வணிக ஒப்பந்தத்தை எதிர்த்து மாணவர்கள் மன்றத்துக்குள் புகுந்து அவையைப் பிடித்துக்கொண்டபோது, போய்ப் பேசி முடித்தவரும் வாங்தான். ஹுங்கின் குணம் அதற்கு நேர் எதிர். பேரம் அவருக்கு வராது.

தைவானில் அதிக காலம் உறுப்பினராக இருந்தவர் இவர்தானா?

இல்லை. மேலே சொன்ன வாங் ஜின்-பிங் 1976 முதல் 2020 வரை இருந்தார். எதிர்த்தரப்பான ஜனநாயக முற்போக்குக் கட்சியின் கெர் ஜியன்-மிங் 1993 முதல் இருக்கிறார்.

2015-ல் கட்சியில் அத்தனை பெரிய தலைகள் இருக்க, இவர் எப்படி அதிபர் வேட்பாளர் ஆனார்?

பெரிய தலைகள் யாரும் முன்வராததால். 2014 நவம்பர் உள்ளாட்சித் தேர்தலில் கோமின்டாங் பலமாக அடிவாங்கியது. மொத்தம் 22 நகர, மாவட்டங்களில் 6 மட்டும் கையில் மிஞ்சின. அதிபர் மா இங்-ஜியூ கட்சித் தலைமையை விட்டு விலகினார். எரிக் சூ தலைவரானார். அடுத்த அதிபர் தேர்தலில் ஜனநாயக முற்போக்குக் கட்சியின் சாய் இங்-வென்னை ஜெயிக்க முடியாது என்று எல்லோரும் கணக்குப் போட்டார்கள். எரிக் சூ, வாங் ஜின்-பிங், துணை அதிபர் வூ துன்-யீ, யாருமே பெயர் கொடுக்கவில்லை.

ஹுங் கொடுத்தார். யாராவது பெரியவர் வெளியே வரட்டும் என்று முதல் கல்லை எறிகிறேன் என்ற பொருளில்தான் தொடங்கினார். சீன மொழியில் 'செங்கல்லை எறிந்து மரகதத்தை வரவழைப்பது' என்று ஒரு வழக்கு உண்டு. செங்கல் விழுந்தது, மரகதம் வரவில்லை. கட்சி உறுப்பினர்களிடம் 15,000 கையெழுத்து வாங்க வேண்டும் என்பது விதி, வாங்கினார். கருத்துக் கணிப்பில் 30 சதவீதம் தாண்ட வேண்டும் என்பது அடுத்த விதி. 2015 ஜூனில் அவருக்குக் கிடைத்த சராசரி 46.203 சதவீதம். ஜூலை 19-ல் கட்சி மாநாடு அவரை முறைப்படி வேட்பாளராக்கியது. இரண்டு பெரிய கட்சிகளின் வேட்பாளர்களும் பெண்கள் என்பது தைவான் வரலாற்றில் அதுவே முதல் முறை.

'ஒரே சீனா, ஒரே விளக்கம்' என்றாராமே. அதில் என்ன அவ்வளவு பிரச்சினை?

இங்கே கொஞ்சம் பொறுமை வேண்டும். 1992-ல் ஹாங்காங்கில் சீனா, தைவான் இரு தரப்பின் பாதி அரசு சார்ந்த அமைப்புகள் பேசின. அதிலிருந்து கோமின்டாங் சொல்லும் வாசகம்: 'சீனா ஒன்று, அதற்கு விளக்கம் அவரவர் சொல்லிக்கொள்ளலாம்.' பெய்ஜிங்குக்கு முதல் பாதி போதும், தைபேக்கு இரண்டாம் பாதி முக்கியம். அந்த இரண்டாம் பாதியின் நிழலில் 'எங்களுக்குச் சீனா என்றால் சீனக் குடியரசு' (தைவானின் அதிகாரப்பூர்வப் பெயர் அது) என்று தைவான் மூச்சு விட்டுக்கொள்ளலாம். ஜனநாயக முற்போக்குக் கட்சி '1992 ஒருமித்த கருத்து' எனப்படும் இதையே ஏற்பதில்லை.

ஹுங் அந்த மங்கலைக் கலைக்கப் பார்த்தார். 'ஆளுக்கொரு விளக்கம்' போதாது, இரு தரப்பும் ஒரே விளக்கத்துக்கு வர வேண்டும் என்றார். முழுச் சீனம் ஒன்று, இறையாண்மை இருவருக்கும் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்தது, ஆட்சி மட்டும் தனித்தனி, அமைதி ஒப்பந்தம் செய்துகொள்வோம் என்பது அவர் நிலை. தர்க்கமாகப் பார்த்தால் ஒழுங்கான வாதம். ஆனால் தைவானில் தங்களைத் தைவானியர் என்று மட்டும் சொல்லிக்கொள்வோர் பெருகியிருந்த நேரம் அது, மாணவர்கள் அவைக்குள் புகுந்து ஓராண்டுதான் ஆகியிருந்தது. மங்கலாக இருந்ததால்தான் அந்த வாசகம் இத்தனை ஆண்டு தாங்கியது. அதை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்ததும் சொந்தக் கட்சிக்காரர்களே பதறினார்கள்.

அப்புறம் ஏன் நீக்கினார்கள்? அது நியாயமா?

கணிப்புகளில் சாய்க்கு வெகு பின்னால் போய்விட்டார். நாடாளுமன்றத் தேர்தலும் அதே நாளில் என்பதால், தொகுதி வேட்பாளர்களுக்குத் தாங்களும் மூழ்கிவிடுவோம் என்ற பயம். அக்டோபர் 7-ல் கட்சி மையக் குழு சிறப்பு மாநாட்டுக்கு முடிவெடுத்தது. அவருடைய சீனக் கொள்கை மக்களின் பொதுக்கருத்திலிருந்து விலகியது என்று எரிக் சூ காரணம் சொன்னார். அக்டோபர் 17-ல் தைபேயில் சுன் யாட்-சென் நினைவு மண்டபத்தில் மாநாடு கூடியது. வந்திருந்த 891 பேரில் 812 பேர் நீக்கத்துக்குக் கைதூக்கினார்கள். ஹுங் பேசினார், ஓட்டெடுப்புக்கு முன் வெளியேறினார். வெளியே அவருடைய ஆதரவாளர்கள் கண்ணீரோடு நின்றார்கள். எரிக் சூ வேட்பாளரானார்.

நியாயமா என்று கேட்டால் நான் இல்லை என்பேன். மாநாடுதான் கட்சியின் உச்ச அமைப்பு, அதற்கு அதிகாரம் உண்டு, சரி. ஆனால் விதி எழுதியவர்கள் போட்டியிடாமல் ஒதுங்கினார்கள். அந்த விதிகளைத் தாண்டி வந்த ஒரே ஆளைத் தோல்விப் பயத்தில் தள்ளிவிட்டார்கள். அவருடைய கொள்கை எனக்கு உடன்பாடில்லை. ஆனாலும் அந்தக் கொள்கை ஜூலையிலேயே எல்லோருக்கும் தெரியும். தெரிந்தே கைதட்டியவர்கள் அக்டோபரில் கை தூக்கியது எனக்கு இன்றும் உறுத்துகிறது.

நீக்காமல் விட்டிருந்தால் ஜெயித்திருப்பாரா?

மாட்டார். மாற்றியும் என்ன நடந்தது என்று பாருங்கள்: 2016 ஜனவரி 16-ல் சாய் 56.12 சதவீதம், எரிக் சூ 31.04, மூன்றாமவர் ஜேம்ஸ் சூங் 12.84. நாடாளுமன்றத்தில் கோமின்டாங்குக்கு 35 இடங்கள், ஜனநாயக முற்போக்குக் கட்சிக்கு 68. முதன்முறையாகக் கோமின்டாங் அல்லாத கட்சிக்குத் தனிப்பெரும்பான்மை. அலை அப்படி. ஆள் மாற்றத்தால் நாடாளுமன்றத்தில் சில இடங்கள் தப்பியிருக்கலாம் என்பவர்கள் உண்டு, அதை நிரூபிக்க வழியில்லை.

விரட்டிய கட்சிக்கே ஐந்து மாதத்தில் தலைவராக எப்படி வந்தார்?

விரட்டியது மாநாட்டுப் பிரதிநிதிகள். தலைவரைத் தேர்ந்தெடுப்பது சாதாரண உறுப்பினர்கள். தோல்விக்குப் பிறகு எரிக் சூ விலகினார், ஹுவாங் மின்-ஹுயி என்ற பெண் தலைவர் தற்காலிகப் பொறுப்பில் இருந்தார். 2016 மார்ச் 26 தேர்தலில் நான்கு பேர் நின்றார்கள். ஹுங்குக்கு 78,829 ஓட்டு, 56.16 சதவீதம். ஹுவாங்குக்கு 33 சதவீதம். ஓய்வுபெற்ற இராணுவக் குடும்பங்களும் பழைய தலைமுறை 'அடர்நீலம்' எனப்படும் தீவிர ஆதரவாளர்களும் அவர் பின்னால் திரண்டார்கள். அக்டோபரில் நடந்தது அவர்களுக்கு ஆறாத காயம். கோமின்டாங் உறுப்பினர்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த முதல் பெண் தலைவர் அவர். அடுத்த பெண் தலைவர் செங் லி-வுன் வருவதற்கு 2025 அக்டோபர் ஆனது.

தலைவராக என்ன செய்தார்?

பெரும்பாலும் கடன்காரர் வீட்டு வாசலில் நிற்பது போன்ற வேலை. சாய் ஆட்சிக்கு வந்ததும், 2016 ஜூலை 25-ல், கட்சிகள் முறைகேடாகச் சேர்த்த சொத்துகளை விசாரிக்கும் சட்டம் நிறைவேறியது. ஒற்றைக் கட்சி ஆட்சிக் காலத்தில் கோமின்டாங் சேர்த்த சொத்துதான் குறி. அதற்கென அமைந்த குழு கட்சியின் கணக்குகளை முடக்கியது. நூற்றுக்கணக்கான ஊழியர்களைக் குறைக்க வேண்டி வந்தது, சம்பளத்துக்கு அலைய வேண்டி வந்தது. ஹுங் இதை அரசியல் பழிவாங்கல் என்றார். அந்தச் சட்டம் செல்லும் என்று 2020-ல் அரசியல் சாசன நீதிபதிகள் சொன்னார்கள். அந்தச் சொத்து எப்படி வந்தது என்று பார்த்தால் சட்டம் தேவை என்றே நினைக்கிறேன். ஆனால் பில் வந்து விழுந்தது, அதைச் சேர்க்காத ஒருவர் மேஜையில்.

இன்னொன்று 2016 நவம்பர் 1, பெய்ஜிங்கில் ஷி ஜின்பிங்கோடு சந்திப்பு. 2005-ல் அப்போதைய கோமின்டாங் தலைவர் லியன் சான் தொடங்கிவைத்த கட்சித் தலைவர்கள் சந்திப்பின் தொடர்ச்சி அது. அமைதி ஒப்பந்தத்தை அங்கேயும் வலியுறுத்தினார்.

அப்படியென்றால் 2017-ல் ஏன் தோற்றார்?

2017 மே 20-ல் ஆறு பேர் போட்டி. வூ துன்-யீ 52.24 சதவீதத்தோடு முதல் சுற்றிலேயே ஜெயித்தார். ஹுங்குக்கு 19.20. அவருடைய அடர்நீல ஓட்டுகளை ஹாவ் லுங்-பின் போன்றவர்களும் பங்கு போட்டார்கள். வூவின் பலம் உள்ளூர் வலைப்பின்னல்: தெற்கிலும் நடுவிலும் உள்ள மாவட்டத் தலைகள், அவர்கள் கொண்டுவரும் உறுப்பினர்கள். மூன்றாம் கேள்வியில் சொன்னதை இங்கே சேர்த்துப் பாருங்கள். தொகுதி ஒன்றைப் பிடித்து வேர்விட்ட அரசியல் ஹுங்குடையதல்ல, பின்னாளில் பட்டியல் வழியாகத்தான் இருந்தார். கோபம் ஒரு தேர்தலுக்குத் தாங்கும், அடுத்ததற்கு ஆள்கட்டு வேண்டும். ஜூன் 30-ல் பதவி விலகினார்.

கடைசியாகக் கேட்கிறேன்: அவர் சீனாவின் ஆள்தானே?

'ஆள்' என்றால் யாரோ ஏவி இயங்குபவர் என்று பொருள். அதற்கு என்னிடம் ஆதாரம் இல்லை, அப்படிச் சொல்லவும் மாட்டேன். அவர் நம்புவதைத்தான் பேசுகிறார், எப்போதும் அதைத்தான் பேசினார். ஆனால் நம்பிக்கை உண்மையாக இருந்தாலும் விளைவைப் பேசாமல் இருக்க முடியாது. 2022-ல் பெய்ஜிங் குளிர்கால ஒலிம்பிக் தொடக்க விழாவுக்குப் போனார். 2025 செப்டம்பர் 3-ல் பெய்ஜிங்கில் நடந்த இராணுவ அணிவகுப்பிலும் கலந்துகொண்டார். தைவான் மேல் பலப்பிரயோகத்தைக் கைவிட மறுக்கும் ஒரு அரசின் ஏவுகணைகள் அணிவகுக்கும் மேடை அது. அமைதிக்காகப் போனேன் என்பவரின் மனது சுத்தமாக இருக்கலாம், பார்க்கிற தைவான்காரருக்கு அந்த ஏவுகணை யாரைப் பார்த்து நிற்கிறது என்பதுதான் தெரியும். அவருடைய தந்தையைச் சிறையில் வைத்தது எந்தச் சந்தேகமோ, அதே சந்தேகத்தை இன்று மகள் மேல் வீசுபவர்கள் அதையும் ஒருமுறை யோசிக்க வேண்டும்.

இப்போ தேர்தல் அரசியலில் இருக்காரா?

கடைசியாக நின்றது 2020 ஜனவரியில், தைனான் நகரின் ஆறாவது தொகுதியில். கோமின்டாங்குக்கு மிகவும் கடினமான மண் அது. வடக்கே பிறந்து வளர்ந்தவர் 71 வயதில் அங்கே போய் வீடு வீடாக ஓட்டுக் கேட்டார். ஜனநாயக முற்போக்குக் கட்சியின் வாங் திங்-யூவிடம் தோற்றார். அதற்குப் பிறகு எந்தத் தேர்தலிலும் நிற்கவில்லை.